கச்சேரிக்கு முன்னால் ஒரு ஊசி

மெல்லிசைக் கச்சேரிகளில் பாடுகிறவர்களுக்கு இந்த ஊசியைப் பற்றித் தெரியும். தொண்டை கட்டிக்கொண்டால், அந்த ஊரில் எந்த டாக்டர் கிடைக்கிறாரோ அவரிடம் போய் ஒரு ஸ்டீராய்டு ஊசி போட்டுக்கொண்டு மேடை ஏறுவது. கொஞ்ச நேரத்தில் குரல் திறந்துவிடும். பல ட்ரூப்களில் ஓனரே கூட்டிப்போவார், ஊசிக்கான காசையும் அவரே கொடுப்பார். முப்பது வருடத்துக்கு மேல் மேடையில் பாடியிருக்கிறேன். அந்த ஊசி தொண்டைக்குள் என்ன செய்கிறது, எந்த நிலைமையில் அதைப் போடவே கூடாது என்று எனக்கு ஒருவரும் சொன்னதில்லை. அதன் விலையாக ஒரு ஆடி சீசனும், அடுத்து வந்த பங்குனி சீசனில் பாதியும் போயின. கையிலிருந்து போன பணத்தையும் வராமல் போன பணத்தையும் சேர்த்தால் இரண்டரை லட்சத்துக்குக் குறையாது. மேடையில் பாடிப் பிழைக்கிற பிள்ளைகள் யாராவது இதைப் படித்தால் அவர்களுக்காவது முன்கூட்டியே தெரியட்டும் என்றுதான் எழுதுகிறேன்.

நான் மதுரைக்காரி. எண்பதுகளின் கடைசியில், பிளஸ் டூ முடித்த கையோடு மேடை ஏறினேன். அப்போதெல்லாம் ஒரு மெல்லிசைக் குழுவில் பெண் குரல் என்றால் இரண்டு பேர் வேண்டும். சுசீலாம்மா, ஜானகியம்மா பாட்டுகளுக்கு ஒருத்தி, ஈஸ்வரியம்மா பாட்டுகளுக்கு இன்னொருத்தி. எனக்குக் கொஞ்சம் கனத்த குரல். சிரிக்கச் சொன்னால் தாளத்தோடு சிரிப்பேன். முதல் ஒத்திகையிலேயே 'ஈஸ்வரி குரல்' என்று முத்திரை குத்திவிட்டார்கள். எல்.ஆர். ஈஸ்வரி 1939இல் பிறந்தவர். 1961இல் வந்த 'பாசமலர்' படத்துக் கல்யாணப் பாட்டு அவர் பெயரை ஊரெல்லாம் கொண்டுபோனது. அதற்கப்புறம் பத்துப் பதினைந்து வருடம் படத்தில் கிளப் டான்ஸ் காட்சி என்றாலே பெரும்பாலும் அவர் குரல்தான். ஆடி பிறந்தால் அம்மன் கோயில் குழாய் ஸ்பீக்கரிலும் அதே குரல்தான். 2011இல் 'ஒஸ்தி' படத்துக்குப் பாடியபோது அவருக்கு வயது எழுபதைத் தாண்டியிருந்தது. இப்படி ஒருவரின் பாட்டைப் பாடுவதைப் பெருமையாகத்தான் நினைத்தேன், இன்றைக்கும் அப்படித்தான்.

ஆனால் அந்தப் பாட்டுகள் தொண்டையிடம் கேட்கிற வேலையே வேறு. கேபரே என்கிற அந்தக் கிளப் டான்ஸ் பாட்டில் ஒரு வரி மூச்சுக்காற்றாக, காதில் ரகசியம் சொல்வதுபோல் வரும். அடுத்த வரியில் முழுத்தொண்டையில் எகிற வேண்டும். நடுவில் விக்கல், சிணுங்கல், சிரிப்பு, அலறல் எல்லாம் உண்டு. ரெக்கார்டிங் தியேட்டரில் நல்ல மைக் முன்னால் நின்று மூச்சுவிட்டாலே பதிவாகும். எங்கள் மேடையில் பின்னால் ஜெனரேட்டர் ஓடும், பக்கத்தில் டிரம்ஸ், முன்னால் விசில். அங்கே அந்த ரகசியக் குரலைக் கேட்கவைக்க அடித்தொண்டையில் முட்டுக்கொடுத்துத்தான் பாட முடியும். ஆடியில் இன்னும் மோசம். முதல் ஒரு மணி நேரம் ஆவேசமான அம்மன் பாட்டு, அப்புறம் சினிமாப் பாட்டு, கடைசியில் குத்துப்பாட்டு. மூன்றுக்கும் பெரும்பாலும் அந்த 'ஈஸ்வரி குரல்' பெண்தான். மெலடி பாடுகிற பெண்ணுக்கு நடுநடுவே உட்கார நேரம் கிடைக்கும். எனக்கு ஒன்ஸ்மோர் கிடைக்கும். மேடையில் கேபரே பாட்டுப் பாடுகிறவள் என்றால் கீழே சிலர் என்ன நினைப்பார்கள், திருவிழாக் கமிட்டியில் ஒன்றிரண்டு பேர் எப்படிப் பேசுவார்கள் என்பதெல்லாம் தனிக் கதை. கல்யாணம் ஆகும்வரை அம்மா வேனில் என் பக்கத்திலேயே உட்கார்ந்து வந்தார் என்று மட்டும் சொல்லி விட்டுவிடுகிறேன்.

தொண்ணூறுகளில் சில வருடங்கள் சென்னையில் ஓட்டல் ரெஸ்டாரண்ட் ஒன்றில் பாடினேன். மாதச் சம்பளம், ராத்திரி சாப்பாடு, வீடுவரை கார். நாலு பேர் பேண்டு, இந்தி, ஆங்கிலம், நடுவில் பழைய தமிழ். திறந்தவெளி மேடையோடு ஒப்பிட்டால் சொர்க்கம், சிகரெட் புகை ஒன்றைத் தவிர. பொது இடத்தில் புகைக்கத் தடை நாடு முழுக்க ஒழுங்காக வந்ததே 2008 அக்டோபர் 2 அன்றுதான். அதுவரை ஓட்டலில் பாடியவர்கள் எல்லாரும் மற்றவர் விட்ட புகையை இழுத்து இழுத்துப் பாடியவர்கள். அந்த பேண்டில் பேஸ் கிதார் வாசித்த அண்ணன்தான் எனக்குப் பாடகி உஷா உதுப் பற்றி நிறையச் சொல்வார். பம்பாயில் வளர்ந்த தமிழ்க் குடும்பத்துப் பெண், பள்ளிக்கூடத்தில் குரல் கனமாக இருக்கிறது என்று பாட்டு வகுப்பிலிருந்து ஒதுக்கப்பட்டவர். 1969இல் மவுண்ட் ரோடு சஃபையர் தியேட்டர் வளாகத்தில் இருந்த 'நைன் ஜெம்ஸ்' கிளப்பில் பட்டுப்புடவையும் பூவுமாக நின்று ஆங்கிலப் பாட்டுப் பாடினார். அப்புறம் கல்கத்தா பார்க் ஸ்ட்ரீட்டில் 'டிரிங்காஸ்' ரெஸ்டாரண்ட். 2024இல் பத்மபூஷண் வாங்கும்போதும் மேடையில் பாடிக்கொண்டுதான் இருந்தார். "அவங்க தன் குரலை விட்டு மேல ஏறவே மாட்டாங்கம்மா, பாட்டைத்தான் தன்கிட்ட இறக்கிக்குவாங்க" என்பார் அந்த அண்ணன். அப்போது அது ஒரு ரசிகரின் பேச்சாகத்தான் பட்டது. ஈஸ்வரி பாட்டை ஒரிஜினல் ஸ்கேலில், அதாவது ரெக்கார்டில் உள்ள அதே சுருதியில், பாடாவிட்டால் மதுரைப் பக்கம் யார் கூப்பிடுவார்கள்?

சரி, நடந்ததற்கு வருகிறேன். கொரோனா முடிந்து திருவிழாக்கள் மறுபடி களைகட்டிய சமயம். எனக்கு ஐம்பது தாண்டி, மாதவிலக்கு நிற்கிற பருவம். குரல் கொஞ்சம் கீழே இறங்கியிருந்தது, உச்சத்தில் நான் நினைத்தபடி நிற்கவில்லை. ஹார்மோன் குறைந்தால், தொண்டைக்குள் அதிர்ந்து குரலை உண்டாக்குகிற குரல்நாணும் தடித்து வறண்டுபோகும் என்பதை எந்தப் பாட்டு வாத்தியாரும் எந்தப் பாடகியும் என்னிடம் பேசியதே இல்லை. வெட்கமோ, வாய்ப்புப் போய்விடும் என்ற பயமோ தெரியவில்லை. அந்த ஆடியில் சளி பிடித்து, அடுத்தடுத்து கச்சேரிகள் இருந்ததால் ஓய்வில்லை. முழங்கால் வலிக்கு மருந்துக்கடையில் கொடுத்த வலி மாத்திரையும் போட்டுக்கொண்டிருந்தேன். அருப்புக்கோட்டைப் பக்கம் ஒரு கிராமத்தில் கச்சேரி. போகிற வழியிலேயே வேனை நிறுத்தி, ஒரு கிளினிக்கில் ஊசி போட்டார்கள். தொண்டைக்குள் ஒரு டார்ச்சு அடித்துக்கூடப் பார்க்கவில்லை. மேடையில் முதல் ஒரு மணி நேரம் குரல் அருமையாக இருந்தது. அப்புறம் ஒரு அம்மன் பாட்டின் உச்சத்தில், ஸ்விட்சை அணைத்ததுபோல் குரல் போனது. வலி இல்லை, இருமல் இல்லை. வாயைத் திறந்தால் காற்றுத்தான் வந்தது.

இதைப் படிக்கிறவர்கள் ஒன்றே ஒன்றை மட்டும் நினைவில் வைத்தால் போதும் என்றால், நான் சொல்வது இதைத்தான். தொண்டை கொஞ்சம் கொஞ்சமாகக் கரகரத்துப் போவது வேறு, ஒரு நொடியில் பட்டென்று குரல் போவது வேறு. இரண்டாவது நடந்தால் அது குரல்நாணுக்குள் இருக்கிற மெல்லிய ரத்தக்குழாய் உடைந்ததாக இருக்கலாம். வலியே இருக்காது, அதனால்தான் ஏமாந்துபோகிறோம். அந்த நொடியோடு பாடுவதை மட்டுமல்ல, பேசுவதையும் நிறுத்த வேண்டும். பெரும்பாலும் ஒரு வாரம், இரண்டு வாரம் முழு மௌனம் இருந்தாலே அந்த ரத்தம் வற்றிச் சரியாகிவிடுமாம். இது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. அன்றைக்கு மேடைக்குப் பின்னால் வந்த ஓனர், "இன்னும் நாலு பாட்டுதான் தங்கச்சி, கமிட்டி பாக்கிப் பணம் தரமாட்டான், எப்படியாவது ஒப்பேத்திரு" என்றார். வெந்நீர் குடித்துவிட்டு ஒப்பேற்றினேன். அடுத்த நாள் இன்னொரு ஊர், இன்னொரு ஊசி.

அந்த ஊசி என்ன செய்கிறது என்று, பின்னால் நான் போய்ப் பார்த்த டாக்டரம்மா விளக்கினார். ஸ்டீராய்டு வீக்கத்தை வற்றவைக்கும், அவ்வளவுதான். வீக்கம் இறங்கியதும் குரல் சரியாகிவிட்டது என்று நாம் முழு பலத்தோடு பாடுவோம். உள்ளே காயமோ, புடைத்த ரத்தக்குழாயோ இருந்தால் அது தாங்காது. அதனால் கேமரா வைத்துக் குரல்நாணைப் பார்க்காமல் இந்த ஊசியைப் போடக் கூடாது என்பது அவர்கள் கணக்கு. வலி மாத்திரை விஷயமும் அப்படித்தான். ஆஸ்பிரின், இபுபுரூஃபன் வகை மாத்திரைகள் ரத்தம் சீக்கிரம் உறையாமல் செய்யும், குழாய் உடைந்தால் கசிவு கூடும். கச்சேரி நாளில் காய்ச்சல், வலி என்றால் அந்த வகையைத் தவிர்த்துப் பாராசிட்டமால் போதுமா என்று டாக்டரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். இதயத்துக்காக ஆஸ்பிரின் சாப்பிடுகிறவர்கள் தாங்களாக நிறுத்திவிட வேண்டாம்.

அதற்கப்புறம் பல வாரம் வீட்டு வைத்தியத்தில் போனது. மிளகு, பனங்கற்கண்டு, சித்தரத்தை, அதிமதுரம் என்று எல்லாம் வந்தன. மாமியார் தினமும் கஷாயம் வைத்துக்கொடுத்தார், அந்த அன்பை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் நாம் குடிக்கிற எதுவும் குரல்நாணைத் தொடுவதில்லை. அது மூச்சுப்பாதையில் இருக்கிறது, குடிப்பது உணவுக்குழாயில் போகிறது. குரல்நாணைத் தொட்டால் புரையேறித் திணறிவிடுவோம். தண்ணீர் நிறையக் குடித்தால் உடம்பு வழியாகத்தான் அங்கே ஈரம் போகும், அதற்கும் நேரம் பிடிக்கும். மேடைக்கு ஏறும்போது மடக்கு மடக்கென்று குடிப்பதைவிட, காலையிலிருந்தே குடித்துக்கொண்டிருப்பதில்தான் பலன். நான் செய்த இன்னொன்று, தொண்டைக்கு ஓய்வு கொடுப்பதாக நினைத்துக் குசுகுசுவென்று பேசியது. அழுத்திக் குசுகுசுப்பதும் பல பேருக்குத் தொண்டையை இறுக்குமாம். ஓய்வு என்றால் வாயை மூடுவதுதான்.

முதலில் பார்த்த டாக்டர் கண்ணாடி வைத்துப் பார்த்துவிட்டு ஒன்றும் இல்லை, அலர்ஜி என்று மாத்திரை எழுதினார். வேறொருவர் ஆண்டிபயாட்டிக் கொடுத்தார். இந்த அலைச்சலிலேயே பதினைந்தாயிரத்துக்கு மேல் போனது. கடைசியில் ஒரு தபலாக்காரத் தம்பி சொல்லி, குரல் பிரச்சினைகளைத் தனியாகப் பார்க்கிற ஒரு காது மூக்கு தொண்டை டாக்டரம்மாவிடம் போனேன். அங்கே ஸ்ட்ரோபோஸ்கோப்பி செய்தார்கள். பெண்கள் பேசும்போதே குரல்நாண் விநாடிக்கு இருநூறு தடவைபோல் அதிர்கிறது, உச்சத்தில் பாடும்போது அதைப் போல் சில மடங்கு. வெறும் கண்ணாடியில் அது ஒரு மங்கலான கோடு. விட்டுவிட்டு எரிகிற விளக்கை வைத்துப் பார்த்தால் அந்த அதிர்வு மெதுவாக நடப்பதுபோல் திரையில் தெரியும். என் இடது குரல்நாண் ஓரத்தில் சிவப்பாக ஒரு கொப்புளம். ரத்தம் வற்றாமல் அங்கேயே தங்கிப் பாலிப் என்கிற சதை வளர்ச்சி ஆகிவிட்டது. இரண்டு நாணும் சேர்ந்து மூடவிடாமல் அது நடுவில் நின்றது, அதனால்தான் காற்று. மூன்று வாரத்துக்கு மேல் கரகரப்பு நீடித்தால், பாடகராக இல்லாவிட்டாலும் கேமரா வைத்துப் பார்த்துவிடுவது நல்லது என்றார். புகைக்கிறவர்கள் தள்ளியே போடக் கூடாதாம். எனக்குப் புற்றுநோயோ என்ற பயம் உள்ளுக்குள் இருந்தது, கேட்கவும் பயம். எடுத்த சதையைப் பரிசோதனைக்கு அனுப்பி, ஒன்றுமில்லை என்று தாள் வந்தபிறகுதான் வீட்டில் அந்த வார்த்தையையே சொன்னேன்.

ஆபரேஷன் வாய் வழியாகத்தான், வெளியே வெட்டு இல்லை. முழு மயக்கம் கொடுத்து மைக்ராஸ்கோப் வைத்துச் செய்கிறார்கள். தனியார் மருத்துவமனையில் பரிசோதனை எல்லாம் சேர்த்து எழுபத்தைந்தாயிரம் ரூபாய் ஆனது. அதில் பாதி, நகையை அடகு வைத்த பணம். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்கிற குடும்பம் என்றால் முதலமைச்சர் காப்பீட்டு அட்டை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் கணவர் சம்பளம் அந்த வரம்பைத் தாண்டுவதால் கிடைக்கவில்லை. பெரிய அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளிலும் காது மூக்கு தொண்டைப் பிரிவு இருக்கிறது, அங்கே கேட்காமல் தனியாருக்குப் பணம் கட்டிவிடாதீர்கள். ஆபரேஷனுக்கு முன் கையெழுத்து வாங்குகிற தாளில் 'குரலில் மாற்றம் ஏற்படலாம்' என்று ஒரு வரி இருக்கும். அதைப் படித்துவிட்டுக் கழிப்பறையில் போய் அழுதேன். அந்த வரியைப் பற்றி டாக்டரிடம் நேராகக் கேட்டுவிடுவது நல்லது. எவ்வளவு வாய்ப்பு, உச்சஸ்தாயி போகுமா, பேச்சுக்குரல் மாறுமா என்று கேட்டால் அவர்களும் நேராகவே பதில் சொல்கிறார்கள்.

அப்புறம் மௌனம். ஒரு வாரம் ஒரு சத்தமும் கூடாது. அதற்கப்புறம் நாளுக்குச் சில நிமிடப் பேச்சு. சிலேட்டில் எழுதிக் காட்டினேன். காய்கறிக்காரர் என்னைக் காதும் கேளாதவள் என்று நினைத்துச் சைகையில் விலை சொன்னார். பகலெல்லாம் சமாளித்துவிடுவேன். ராத்திரி யூடியூபில் நேரலை பார்ப்பதுதான் நரகம். என் இடத்தில் ஒரு சின்னப் பெண், நல்ல குரல், நான் பாடுகிற பாட்டையெல்லாம் பாடிக்கொண்டிருந்தது. கமெண்டில் ஒருவர்கூட என்னை எங்கே என்று கேட்கவில்லை. முப்பது வருடப் பாட்டு! அந்தப் பெண்ணின் சுருதி எங்கேயாவது விலகாதா என்று காதைத் தீட்டிக்கொண்டு கேட்டேன். விலகவில்லை.

பேச்சுப் பயிற்சியாளரிடம் போகச் சொன்னபோது, ஆபரேஷன் முடிந்ததே, இது எதற்கு ஒவ்வொரு தடவையும் அறுநூறு ரூபாய் என்று எரிச்சலாக இருந்தது. உண்மையில் என் குரலைத் திருப்பிக் கொண்டுவந்தது அந்தப் பயிற்சியாளர்தான், சின்னப் பெண், வயது முப்பதுகூட இருக்காது. முதல் நாள் என் பாட்டைப் பற்றி அவர் ஒன்றுமே கேட்கவில்லை. "கச்சேரிக்கு எதுல போவீங்கம்மா? வேன்ல பேசுவீங்களா?" என்றார். டெம்போ டிராவலரில் பதினைந்து பேர், இன்ஜின் சத்தம், ஜன்னல் காற்று. அதில் போகும்போதும் வரும்போதும் மணிக்கணக்கில் கத்திக் கத்திப் பேசிக்கொண்டே போவோம். சத்தமான இடத்தில் நம்மை அறியாமலேயே குரல் உயரும். பாடுவதில் பாதிச் சேதம் என்றால் மீதி அந்த வேனில்தான் என்றார். மேடையில் மானிட்டர், அதாவது பாடுகிறவருக்குத் தன் குரல் கேட்கும்படி அவர் பக்கம் திருப்பி வைக்கிற ஸ்பீக்கர், இல்லாமல் பாடுவதும் இதே கதை. தன் குரல் தனக்குக் கேட்காவிட்டால் யாராயிருந்தாலும் கத்தத்தான் செய்வார்கள். அடுத்து சாப்பாடு. கச்சேரி முடிந்து ஒரு மணிக்கு பரோட்டாவும் சால்னாவும் சாப்பிட்டு, வேன் சீட்டில் அப்படியே சாய்ந்து தூங்குவோம். வயிற்று அமிலம் தொண்டைவரை ஏறிக் குரல்நாணைப் புண்ணாக்கும். காலையில் தொண்டையைச் செருமிக்கொண்டே எழுந்தால் அது சளியாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. இப்போது நான் மேடைக்கு முன்பே இட்லி சாப்பிட்டுவிடுகிறேன், முடிந்தபின் வாழைப்பழம்.

அவர் கொடுத்த பயிற்சி, பாதி டம்ளர் தண்ணீரில் ஸ்ட்ராவை விட்டு, குமிழி வர ஊதிக்கொண்டே 'ஊ' என்று சுருதி பிடிப்பது. கேட்க விளையாட்டாக இருக்கும். வாய்ப்பக்கம் காற்று கொஞ்சம் தடுக்கப்படுவதால் குரல்நாண்கள் ஒன்றோடொன்று பலமாக முட்டாமல் லேசாக அதிரும். இன்றும் மேடைக்கு முன் பத்து நிமிடமும், முடிந்தபின் ஐந்து நிமிடமும் செய்கிறேன். பாடி முடித்தபின் குரலை இறக்கிவிடுவது என்று ஒன்று இருப்பதே எனக்கு அதுவரை தெரியாது. இந்தப் படிப்புக்கென்றே மைசூரில் அகில இந்தியப் பேச்சு, கேட்பியல் நிறுவனம் இருக்கிறது. தமிழ்நாட்டிலும் பெரிய மருத்துவமனைகளில் இந்தப் பயிற்சியாளர்கள் இருக்கிறார்கள். குரல் போன பிறகுதான் போக வேண்டும் என்றில்லை.

திரும்பி மேடைக்கு வந்தபோது ஸ்கேலை இரண்டு கட்டை இறக்கினேன். கீபோர்டுத் தம்பிக்கு ஒரு பட்டனை அழுத்துகிற வேலைதான், ஆனாலும் முகம் சுளித்தான். "பாட்டுல பஞ்ச் போயிரும்க்கா" என்றான். கீழே உட்கார்ந்திருந்தவர்கள் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை, வழக்கம்போல விசில் பறந்தது. ஓட்டலில் அந்த பேஸ் கிதார் அண்ணன் சொன்னது அன்றைக்குத்தான் விளங்கியது. பாட்டு வரிசையையும் மாற்றச் சொன்னேன். ஆவேசப் பாட்டு இரண்டுக்கு மேல் தொடர்ந்து வரக் கூடாது, நடுவில் ஆண் குரல் பாட்டு ஒன்றாவது வேண்டும். எனக்கென்று ஒரு மானிட்டர். இவை இல்லாவிட்டால் வரமாட்டேன். ராத்திரி 10 மணிக்கு மேல் காலை 6 வரை ஒலிபெருக்கி கூடாது என்று 2000ஆம் ஆண்டு விதியே இருக்கிறது, திருவிழா நாட்களில் அரசு விலக்கு கொடுத்தாலும் நள்ளிரவு 12தான் எல்லை. விடிய விடியப் பாடி வளர்ந்த எங்களுக்கு முதலில் அது தொல்லையாகப் பட்டது. இப்போது அந்த விதியை எழுதியவருக்கு ஒரு கும்பிடு போடலாம் என்று தோன்றுகிறது.

போன வருடம் ஒரு ராத்திரி எட்டு மணிக்கு, என் இடத்தில் பாடிய அந்தச் சின்னப் பெண்ணிடமிருந்து போன், பரமக்குடியிலிருந்து. "அக்கா, ஒத்திகையில குரல் டக்குனு போயிருச்சு, ஊசி போடக் கூட்டிட்டு வந்திருக்காங்க." ஊசி வேண்டாம், வாயை மூடிக்கொண்டு பஸ் ஏறி மதுரைக்கு வா என்றேன். மறுநாள் டாக்டரம்மா பார்த்தார். ரத்தக்கசிவுதான், சின்னது. மௌனமாக இருந்தே சரியாகிவிட்டது. அந்தக் கச்சேரியில் கமிட்டி பாதிப் பணம் பிடித்ததாக ஓனர் என்மேல் கோபமாக இருக்கிறார். அவர் கொடுத்துவந்த கச்சேரி டேட்டுகள் நின்றுபோயின. வேறு இரண்டு ட்ரூப்களில் பாடுகிறேன்.

பணம் பற்றியும் கொஞ்சம். முழுச் சம்பளத்தில் பாதியை டேட் கொடுக்கும்போதே வாங்கிவிடுங்கள், மீதியை மேடை ஏறுவதற்கு முன். "கமிட்டி தந்ததும் தர்றேன்" என்று சொல்லி வராமல் போன பணத்தைக் கணக்குப் போட்டால் எனக்கு ஒரு ஆபரேஷன் செலவு தேறும். வாட்ஸாப்பில் தேதி, ஊர், தொகை, எத்தனை மணி நேரம் என்று ஒரு செய்தி அனுப்பி, சரி என்று பதில் வாங்கிவிட்டால் பின்னால் வாய்ப்பேச்சு மாறாது. கம்பெனி விழாக்களுக்கு வரி பிடித்தோம் என்று பத்து சதவீதத்தைக் கழித்துக் கொடுப்பார்கள். அது உங்கள் பான் எண்ணில் கட்டப்பட்டதா என்று வருமான வரி இணையதளத்தில் 26ஏஎஸ் என்ற கணக்கில் பாருங்கள். கட்டியிருந்தால், நம் வருமானம் வரம்புக்குள் இருக்கும்போது ரிட்டர்ன் தாக்கல் செய்து திரும்ப வாங்கிவிடலாம். எனக்குப் பல வருடம் பிடித்த பணத்தில் பாதிக்கு மேல் என் பெயரில் கட்டப்படவே இல்லை.

வயதான காலத்துக்கு இயல் இசை நாடக மன்றம் நலிந்த கலைஞர்களுக்குக் கொடுக்கிற மாத உதவி இருக்கிறது, மத்திய அரசிலும் மூத்த கலைஞர்களுக்கு ஒரு திட்டம் உண்டு. அதற்கெல்லாம் கலை அனுபவத்துக்குச் சான்று வேண்டும். என்னிடம் கட்டுக்கட்டாகக் கச்சேரி நோட்டீஸ் இருக்கிறது. எடுத்துப் பார்த்தால் ஓனர் பெயர், டிவி புகழ் மிமிக்ரி பெயர், அன்னதான உபயதாரர் பெயர் எல்லாம் இருக்கிறது. நான் பெரும்பாலும் 'மற்றும் பலர்'. இப்போது அட்வான்ஸ் வாங்கும்போதே நோட்டீஸில் பெயர் போடச் சொல்லிவிடுகிறேன். போன சித்திரையில் ஒரு கமிட்டி போட்டது, இனிஷியல் மட்டும் தப்பு. அடுத்த வருட நோட்டீஸில் திருத்தித் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள்.